‘வேண்டாமாம்’ என்று முடியும் வாக்கியங்கள்

இளம்பிள்ளைப் பக்கமிருந்து ஒரு பெண் கேட்டிருக்கிறார். வீட்டில் நான்கு விசைத்தறி. அப்பா, அம்மா, அண்ணன், அண்ணி, அண்ணனின் நான்கு வயது மகள், இவர் என ஆறு பேர். இவர் சேலத்தில் ஓர் அலுவலகத்துக்குப் போய் வருகிறார். எட்டு மாதமாக அப்பாவும் அண்ணனும் ஒருவரோடு ஒருவர் பேசுவதில்லை. சண்டை என்று எதுவும் நடக்கவில்லை. தறியை விட்டுவிட்டு வெளிவேலைக்குப் போகிறேன் என்று அண்ணன் ஒருநாள் சொல்ல, "உன் இஷ்டம்" என்றிருக்கிறார் அப்பா. அண்ணன் போகவும் இல்லை, அதன் பிறகு பேசவும் இல்லை. இருவரும் இன்னமும் அதே தறிகளைத்தான் ஓட்டுகிறார்கள். "தறி ஓடும்வரை ஒன்றும் தெரியாது. கரண்ட் போனால்தான் எனக்குப் பயமாக இருக்கிறது. நான் என்ன செய்ய வேண்டும்?" என்று முடித்திருக்கிறார்.

அந்தக் கடைசி வரிக்காகத்தான் இவ்வளவு நீளமாகப் பதில் எழுதுகிறேன். சேலத்தில் குடும்ப ஆலோசனை வேலையில் இருபது ஆண்டுகளுக்கு மேல் இருந்தவள் நான். அடிதடி, குடி, வரதட்சிணை என்று வருகிறவர்களுக்குக் காது கொடுக்க ஊரில் ஆள் உண்டு. சத்தமே இல்லாத வீட்டைப் பற்றி யாரிடம் போய்ச் சொல்வது? "பேசாமல்தானே இருக்கிறார்கள், அடித்துக்கொள்ளவில்லையே" என்று கேட்கிறவர் சுலபமாகச் சொல்லிவிடுவார். தினமும் சாயங்காலம் செருப்பைக் கழற்றிவிட்டு அந்த வீட்டுக்குள் நுழைகிறவருக்குத்தான் அதன் பாரம் தெரியும்.

தறி வீடுகளில் இது நன்றாக ஒளிந்துகொள்ளும். தறி ஓடும்போது யாரும் பேச முடியாது. கையைக் காட்டி, கண்ணைக் காட்டித்தான் வேலை நடக்கும். ஆகவே பேசாமல் இருப்பதற்கு நாள் முழுவதும் ஒரு நியாயமான காரணம் கையிலேயே இருக்கிறது. கரண்ட் போன நிமிடத்தில் அந்தக் காரணமும் போய்விடுகிறது. நான்கு தறியும் நின்று, காதில் இரைச்சல் அடங்கி, ஒருவர் மூச்சுவிடுவது இன்னொருவருக்குக் கேட்கிறது. உங்களுக்கு நெஞ்சை அடைப்பதில் ஆச்சரியமே இல்லை. இன்னொன்றும் உண்டு. முன்பக்கம் தறி, பின்பக்கம் அடுப்பு, நடுவில் எல்லோரும் படுக்கிற ஒரே கூடம் என்று இருக்கிற வீட்டில், கோபம் வந்தால் உள்ளே போய்ச் சாத்திக்கொள்ள அறை கிடையாது. சாத்தக் கதவில்லாதவர்கள் வாயைச் சாத்திக்கொள்கிறார்கள். உடனே அதை வெறுப்பு என்று எடுத்துக்கொண்டுவிடாதீர்கள்.

உங்கள் அம்மா பேசுகிற மூன்று வாக்கியங்களை எழுதியிருக்கிறீர்கள். "அவனுக்குச் சோறு வேண்டாமாம்." "அப்பா நாளைக்கு நூல் எடுக்கப் போகிறாராம்." "ரெண்டாவது தறியில் பாவு தீர்ந்துவிட்டதாம்." (பாவு என்பது தறியில் நீளவாக்கில் ஓடும் நூல்.) மூன்றும் ‘ஆம்’ என்று முடிகின்றன. நம் மொழியில் அந்த ஒற்றை அசை பெரிய வேலை செய்கிறது. சொன்னவர் நானில்லை, நான் கேட்டதைச் சொல்கிறேன், அவ்வளவுதான் என்று அது கை கழுவிக்கொள்கிறது. ஒரு வீட்டில் எந்நேரமும் ‘ஆம்’ கேட்கிறதென்றால் அங்கே பேச்சு நின்றுவிடவில்லை என்று பொருள். நூல் வருகிறது, பாவு ஏறுகிறது, சோறு வேகிறது. இரண்டு பேர் பேசவேண்டியது முழுவதும் மூன்றாமவர் வாய் வழியாகப் போய்க்கொண்டிருக்கிறது. உங்கள் வீட்டு மௌனம் எட்டு மாதம் தாக்குப்பிடித்ததே அதனால்தான். நீங்களும் அம்மாவும் தூது போகாவிட்டால், அது எட்டு நாள்கூட நின்றிருக்காது. ஒருநாள் நூல் வராமல் தறி நின்றிருக்கும், யாராவது ஒருவர் வாயைத் திறந்தே தீர வேண்டியிருந்திருக்கும்.

இதை நான் கண்டுபிடிக்கவில்லை. மர்ரே போவன் என்ற அமெரிக்க மனநல மருத்துவர் 1950களில் நோயாளியை மட்டும் பார்க்காமல் குடும்பத்தையே மருத்துவமனையில் தங்கவைத்து ஆராய்ந்தார். இரண்டு பேருக்கு நடுவில் இறுக்கம் தாங்க முடியாமல் போகும்போது அவர்கள் மூன்றாவது ஒருவரை இழுத்துக்கொள்கிறார்கள், அந்த முக்கோணம் சூட்டைத் தணிக்கிறது, தணிவதாலேயே பிரச்சினை தீராமல் அப்படியே கிடக்கிறது என்பது அவருடைய முக்கியமான கருத்துகளில் ஒன்று. சூடு எங்கே போகிறது? நடுவில் இருப்பவர் உடம்புக்குப் போகிறது. அம்மாவுக்கு ராத்திரியில் தூக்கம் வருவதில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். உங்களுக்கு நெஞ்சு இறுகுகிறது. பேசாமல் இருக்கிற இருவரும் நன்றாகத்தான் தூங்குகிறார்கள் என்று ஒரு வரி சேர்த்திருக்கிறீர்கள். அந்த வரியில் இருந்த கோபம் எனக்குப் புரிந்தது. அது நியாயமான கோபம்.

நானும் தூது போன பிள்ளைதான். ஏற்காட்டில் ஒரு காப்பித் தோட்டத்து வீட்டில் வளர்ந்தேன், அப்பா அங்கே கணக்கு எழுதிக்கொண்டிருந்தார். அடிவாரத்தில் இருந்த நிலத்தைத் தாத்தா கேட்காமல் விற்றதில் இருவருக்கும் பேச்சில்லை. ஆறு வருடம். "பாப்பா, அப்பாவிடம் சொல்" என்று தாத்தா ஆரம்பிப்பார். அப்பா நான்கடி தூரத்தில் உட்கார்ந்திருப்பார். எனக்கு ஒன்பது வயது நடந்தபோது, ஐப்பசி மழையில் சவுக்கு மரக் கிளை கம்பியில் விழுந்து இரண்டு நாள் கரண்ட் இல்லை. அரிக்கேன் விளக்கைச் சுற்றி உட்கார்ந்திருந்தோம். தாத்தா விளக்கைப் பார்த்துக்கொண்டே, "கண்ணுக்கு விடுகிற மருந்து தீர்ந்துவிட்டது. நாளைக்குக் கீழே போனால் வாங்கிவரலாம்" என்றார்.

அன்றைக்கு அவர் "பாப்பா" என்று ஆரம்பிக்கவில்லை. இது எனக்கு அப்போது உறைக்கவில்லை. பழக்கத்தில் நான், "அப்பா, தாத்தாவுக்குக் கண் மருந்து தீர்ந்துவிட்டதாம்" என்றேன். "வாங்கிவருகிறேன் என்று சொல்" என்றார் அப்பா. "வாங்கிவருகிறாராம் தாத்தா." தாத்தா சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார். அடுத்த தை மாதம் இறந்துபோனார். அந்த இரவைப் பற்றி அப்பாவிடம் நான் கேட்டது என்னுடைய நாற்பதாவது வயதில். "நான் வாயைத் திறந்துவிட்டேன். அதற்குள் நீ முந்திக்கொண்டாய்" என்றார். கோபமில்லாமல்தான் சொன்னார். ஒன்பது வயதுப் பிள்ளைமேல் பழியில்லை, அது எனக்குத் தெரியும். ஆனால் அன்றிலிருந்து, பேசாத இருவரின் கதையைக் கேட்கும்போதெல்லாம் நடுவில் இருப்பது யார் என்றுதான் முதலில் கேட்கிறேன்.

இனி அந்த "உன் இஷ்டம்". சம்மதம் என்ற பொருளில் நம் வீடுகளில் யாரும் அதைச் சொல்வதில்லை. வேண்டாம் என்று சொல்ல உரிமையில்லை, சரி என்று சொல்ல மனமில்லை, இரண்டுக்கும் நடுவில் சிக்கிய அப்பாக்கள் சொல்வது அது. உங்கள் அப்பாவின் மனத்தில் என்ன ஓடியது என்று இங்கிருந்து நான் அறுதியிட்டுச் சொல்ல முடியாது. நான் பார்த்த அப்பாக்கள் பலருக்கும் அந்த இடத்தில் வந்தது கோபமில்லை, வெட்கம். என் தொழில் என் மகனுக்குச் சோறு போடவில்லை என்று அவன் வாயாலேயே கேட்கிற வெட்கம். உங்கள் அண்ணன் பக்கம் பாருங்கள். அவர் போகவில்லை. ஏன் போகவில்லை என்று யாரிடமும் சொல்லவும் இல்லை. அப்பாவுக்காக நின்றேன் என்று அவர் நினைத்திருக்கலாம். அப்பாவோ, நான் தடுக்கவில்லையே, பிறகு எதற்கு முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருக்கிறான் என்று நினைத்திருக்கலாம். ஒருவர் விட்டுக்கொடுத்தது இன்னொருவருக்குக் குற்றச்சாட்டாகத் தெரிகிறது. இப்படி நல்லெண்ணத்தில் ஆரம்பித்த பிணக்குதான் தீருவதற்கு நாளாகும். இறங்கிவர இருவருக்குமே தப்பு என்று எதுவும் கையில் இல்லை.

நீங்கள் செய்ய வேண்டியதற்கு வருகிறேன். முதலில் அம்மாவோடு பேசுங்கள். அடுப்படியில், நீங்கள் இருவர் மட்டும் இருக்கும்போது. தூதை நிறுத்தலாம் என்றால் அவருக்குத் திக்கென்று இருக்கும். தான் விட்டுவிட்டால் வீடு உடைந்துவிடும் என்று எட்டு மாதமாகப் பிடித்துக்கொண்டிருப்பவர் அவர். "நீ செய்வது தப்பு" என்று ஆரம்பித்தால் அவரையும் இழந்துவிடுவீர்கள். மூன்று நாள் மட்டும் முயன்று பார்க்கலாம் என்று கேளுங்கள். அதுவும் எல்லாவற்றையும் நிறுத்த வேண்டியதில்லை. இருவரும் வீட்டுக்குள் இருக்கும்போது ஒருவர் சொன்னதை இன்னொருவரிடம் கொண்டுபோய்ச் சேர்ப்பதை மட்டும் விட்டால் போதும். "அவனிடம் சொல்" என்று அப்பா ஆரம்பித்தால், "அண்ணன் இங்கேதான் இருக்கிறான் அப்பா" என்று மெதுவான குரலில் சொல்லுங்கள். குத்தல் வேண்டாம், உபதேசமும் வேண்டாம். சொல்லிவிட்டு எழுந்து போய்விடாதீர்கள், அங்கேயே இருங்கள்.

முதல் சில நாள் நிலைமை இன்னும் கெட்டதுபோலத் தெரியும். அப்பா எரிந்துவிழலாம். சொல்லவேண்டியது சொல்லப்படாமல் நூல் எடுக்காமல் போய் ஒருநாள் கூலி வீணாகலாம். வீணாகட்டும். அம்மா அப்போது ஓடிப்போய்ச் சரிசெய்யப் பார்ப்பார், அவர் கையைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

உங்கள் கடிதத்தில் போகிறபோக்கில் எழுதிய ஒன்றை நான் இரண்டுமுறை படித்தேன். அப்பாவுக்குக் கண் மங்குகிறது. அவர் பார்க்கும் தறியில் இழை அறுந்தால் அண்ணன் எழுந்துவந்து, தறியை நிறுத்தி, முடிபோட்டுவிட்டு, ஒன்றும் சொல்லாமல் தன் இடத்துக்குப் போய்விடுகிறார். அப்பா தலை நிமிர்வதில்லை. ஆனால் மறுநாள் காலையில் அண்ணனின் தறிக்குப் பக்கத்தில் தார், அதாவது குறுக்கே ஓடுகிற ஊடை நூல், குச்சியில் சுற்றி அடுக்கி வைக்கப்பட்டிருக்கிறது. இது பேச்சுதான். ஜான் காட்மன் என்ற உளவியலாளர் புதுமணத் தம்பதிகளைக் கவனித்து, ஒருவர் சின்னதாக ஒரு கையை நீட்டும்போது மற்றவர் எத்தனை முறை அதைக் கவனித்துத் திரும்பினார் என்று எண்ணினார். ஆறு ஆண்டு கழித்தும் சேர்ந்து வாழ்ந்தவர்கள் 86 விழுக்காடு திரும்பியிருந்தார்கள், பிரிந்தவர்கள் 33 விழுக்காடுதான். இது கணவன் மனைவிக் கணக்கு, அப்பா மகனுக்கு அப்படியே பொருத்தக் கூடாது. ஆனால் நீட்டிய கை உங்கள் வீட்டில் இரண்டு பக்கமும் இருக்கிறது. மன்னிப்பு என்ற சொல் நம் அப்பாக்கள் வாயில் வராது. தாராகத்தான் வரும்.

அதைப் பார்த்தேன் என்று ஒருவரிடம் தனியாகப் போய்ச் சொல்லாதீர்கள். சொன்னால் மறுபடியும் தூதுதான். இருவரும் கூடத்தில் இருக்கும்போது எல்லோருக்கும் கேட்கிற மாதிரி, "அப்பா இன்றைக்கும் சீக்கிரம் எழுந்து தார் சுற்றிவிட்டார்" என்று சொல்லிவிட்டு உங்கள் வேலையைப் பாருங்கள். யாரும் பதில் சொல்லாவிட்டாலும் பரவாயில்லை. ‘ஆம்’ இல்லாமல் ஒரு வாக்கியம் அந்தக் கூடத்தில் விழுந்துவிட்டது.

"நீங்கள் இரண்டு பேரும் ஏன் பேசுவதில்லை? மனம் விட்டுப் பேசுங்கள்" என்று உட்கார வைத்துக் கேட்பதை மட்டும் எந்தக் காரணத்துக்காகவும் செய்யாதீர்கள். உங்கள் அப்பாவை மனத்தைப் பற்றிப் பேசச் சொன்னால் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போய்விடுவார். தறிக் கணக்கைப் பேசச் சொன்னால் உட்காருவார். எட்டு மாதத்துக்கு முன் எழுந்த கேள்வி இன்னமும் பதிலில்லாமல்தான் கிடக்கிறது. நான்கு தறியையும் ஓட்டுவதா, இரண்டை நிறுத்துவதா, ஆள் வைத்துக் கூலிக்கு ஓட்டிவிட்டு அண்ணன் வேலைக்குப் போவதா, இருக்கிற கடன் எவ்வளவு, சேலைக்குக் கூலி எவ்வளவு நிற்கிறது? இவை தாளில் எழுதக்கூடியவை. அலுவலகத்தில் கணக்குப் பார்க்கிறவர் நீங்கள், தாளை எடுத்துக்கொண்டு நடுவில் உட்காருவதற்கு வீட்டில் உங்களைவிடத் தோதான ஆள் இல்லை. ஒரு முடிவும் வராவிட்டாலும் அந்தத் தாளை இருவரும் சேர்ந்து குனிந்து பார்த்தால் போதும். எதிரெதிரே உட்கார்ந்து பேச முடியாத ஆண்கள் ஒரே திசையில் பார்த்துக்கொண்டு பேசுவார்கள். வண்டியில் முன்னும் பின்னுமாக ஏற்காட்டு மலையின் இருபது கொண்டை ஊசி வளைவும் ஏறி முடிப்பதற்குள் மூன்று வருடத்து வருத்தத்தைப் பேசித் தீர்த்த ஓர் அப்பா மகனை எனக்குத் தெரியும். முகம் பார்க்க வேண்டியிருந்தால் அவர்கள் பேசியிருக்க மாட்டார்கள்.

பேச்சு சூடாகி யாருக்காவது மூச்சு வாங்கினால், முகம் சிவந்தால், அத்தோடு நிறுத்துங்கள். இதயம் நிமிடத்துக்கு 100 துடிப்பைத் தாண்டி ஓடும்போது மனிதர்களுக்குக் கேட்கிற காது வேலை செய்வதில்லை என்றும், அடங்க குறைந்தது 20 நிமிடம் வேண்டும் என்றும் அதே காட்மன் சொல்கிறார். "சாப்பிட்டுவிட்டுப் பார்க்கலாம்" என்று நேரம் சொல்லி நிறுத்துங்கள். நேரம் சொல்லாமல் எழுந்து போவதுதான் எட்டு மாதமாக நடக்கிறது.

சின்னவளைப் பற்றி ஒரே வரிதான் எழுதியிருக்கிறீர்கள். தாத்தா உள்ளே வந்தால் அவள் குசுகுசுவென்று பேச ஆரம்பிக்கிறாள் என்று. எனக்கு உங்கள் வீட்டில் அதிகக் கவலை அவளைப் பற்றித்தான். 1978இல் எட்வர்ட் ட்ரோனிக் என்ற உளவியலாளர் வெளியிட்ட பரிசோதனை ஒன்று உண்டு. கொஞ்சிக்கொண்டிருந்த தாய் சில நிமிடம் முகத்தில் எந்த உணர்ச்சியும் காட்டாமல் குழந்தையைப் பார்க்கிறாள். கைக்குழந்தை சிரித்துப் பார்க்கிறது, கையை நீட்டிப் பார்க்கிறது, பிறகு முகத்தைத் திருப்பிக்கொள்கிறது. பேசத் தெரியாத பிள்ளைக்கே அவ்வளவு தெரிகிறது. பெரியவர்கள் வாய்விட்டுச் சண்டை போட்டாலும் வாயை மூடிக்கொண்டு விறைத்து நின்றாலும் குழந்தைகள் கலங்குகிறார்கள் என்று மார்க் கம்மிங்ஸ் என்பவரின் ஆய்வுகள் காட்டின. பெரியவர்கள் சமாதானமாகிவிட்டார்கள் என்று தெரிந்தால் அந்தக் கலக்கம் குறைகிறது என்பதையும் அவைதான் காட்டின. அவளை மடியில் வைத்துச் சொல்லுங்கள்: தாத்தாவுக்கும் அப்பாவுக்கும் ஒரு வருத்தம், அது உன்னால் வந்ததில்லை, பெரியவர்கள் நாங்கள் பார்த்துக்கொள்கிறோம். நீங்களும் அம்மாவும் தூதை நிறுத்தியதும் அடுத்து அவளைத்தான் கூப்பிடுவார்கள். "பாப்பா, அப்பாவிடம் சொல்" என்று கேட்ட உடனே அவளைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு போய்விடுங்கள். இந்த ஒன்றில் மட்டும் தயவுதாட்சண்யம் வேண்டாம்.

தாய்மாமாவை வரவழைத்துப் பஞ்சாயத்து வைக்கலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். பாகப்பிரிவினை என்றால் வைக்கலாம், இதற்கு வேண்டாம். நான்கு பேர் முன்னால் யார் மேல் தப்பு என்று முடிவாக வேண்டியிருக்கும், தோற்றவர் அதை மறக்க மாட்டார். கோட்டை மாரியம்மன் ஆடித் திருவிழாவுக்குச் சொந்தக்காரர்கள் வரும்போது இருவரும் வாசலில் பக்கத்தில் பக்கத்தில் நின்று "வாங்க வாங்க" என்று சிரித்ததை எழுதியிருக்கிறீர்கள். அதைப் பொய் என்று நினைத்து வெறுக்காதீர்கள். வீட்டு மானத்தைக் காப்பதில் இருவரும் இன்னமும் ஒரே பக்கம் நிற்கிறார்கள்.

இவ்வளவும் இது வெறும் பிணக்காக இருந்தால்தான் பொருந்தும். அப்பா முன்புபோல் சாப்பிடவில்லை, விடியற்காலம் மூன்று மணிக்கே விழித்துக்கொள்கிறார், தறியில் நாட்டமில்லை, இருந்து என்ன பயன் என்கிற மாதிரி ஏதாவது சொல்கிறார் என்றால் காத்திருக்காதீர்கள். சேலம் அரசு மோகன் குமாரமங்கலம் மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் மனநலப் பிரிவு இருக்கிறது. 2022 அக்டோபரில் தொடங்கிய டெலி மானஸ் தொலைபேசிச் சேவையை 14416 என்ற எண்ணில் எந்நேரமும் கட்டணமில்லாமல் அழைக்கலாம், தமிழில் பேசலாம். இது அப்பாவுக்கு மட்டுமில்லை, நெஞ்சு இறுகுகிற உங்களுக்கும், தூக்கமில்லாத அம்மாவுக்கும்தான். வீட்டில் யாராவது கை நீட்டினாலோ, மற்றவர்கள் பயந்து நடுங்கிப் பேசாமல் இருக்கிறார்கள் என்றாலோ, அதைச் சரிசெய்யும் பொறுப்பை உங்கள் தலையில் ஏற்றிக்கொள்ளாதீர்கள். அதற்குப் பெண்கள் உதவி எண் 181 இருக்கிறது.

அடுத்த முறை சாயங்காலம் கரண்ட் போகும்போது வழக்கம்போல எழுந்து பின்பக்கம் போய்விடாதீர்கள். அந்தக் கூடத்திலேயே உட்கார்ந்திருங்கள். பயமாகத்தான் இருக்கும், அம்மாவின் பக்கத்தில் உட்காருங்கள். கொஞ்ச நேரத்தில் யாராவது ஒருவர், "டார்ச் எங்கே இருக்கிறது?" என்று பொதுவாகக் கேட்பார். எங்கே இருக்கிறது என்று உங்களுக்குத் தெரிந்திருந்தாலும் சொல்லாதீர்கள்.